ஒரு கைப்பிடி வாட்டில் விதை: அன்றும் இன்றும்

வாட்டில் என்றதும் நமக்கு நினைவுக்கு வருவது நீலகிரிப் புல்வெளிகளை விழுங்கிய சீகை மரம்தான். தோல் பதனிடும் பட்டைக்காக ஆஸ்திரேலியாவின் குளிர்ந்த தென்கிழக்கிலிருந்து வந்த மரம் அது. அந்நாட்டின் வடக்கே, வெயில் கொளுத்தும் காட்டில், அதற்கு உறவான இன்னொரு செடி உண்டு. பெயர் அகேசியா கோலி. கிம்பர்லி தொடங்கி வடக்குப் பிரதேசம் வழியாகக் குவீன்ஸ்லாந்தின் வடமேற்கு வரை, மழைக்காலத்தில் மட்டும் தண்ணீர் ஓடும் மணல் ஓடைகளின் கரையில் புதர் புதராக நிற்கும். இலை முழுக்கப் பட்டுப்போல் வெள்ளி ரோமம். பூ, விரல் நீள மஞ்சள் கதிர். காய் காய்ந்து வெடித்தால் உள்ளே பளபளக்கும் கருப்பு விதைகள். ஒவ்வொன்றின் முனையிலும் சிறு மஞ்சள் சதை ஒட்டியிருக்கும்.

அன்று அந்தக் கரைகளில் விதைக்காலம் என்றால் பழங்குடிப் பெண்களுக்கு ஓயாத வேலை. காய்களை அடித்து உதிர்த்து, மரத்தட்டில் புடைத்து, தணலில் வறுத்து, மறுபடி புடைத்துச் சாம்பலை நீக்குவார்கள். பிறகு அரைகல்லில் தண்ணீர் தெளித்து அரைப்பார்கள். அந்த விழுதை அப்படியே உண்பார்கள், அல்லது சாம்பலில் சுட்டு அடையாக்குவார்கள். வறுப்பது ருசிக்காக மட்டுமல்ல. பச்சை விதையில் செரிமானத்தைத் தடுக்கும் பொருள்கள் உண்டு. சூடு பட்டால் அவை பெரிதும் குறையும். ஆய்வகம் பின்னாளில் அளந்து சொன்னதை அந்தப் பெண்கள் தலைமுறை தலைமுறையாகச் செய்துவந்தார்கள்.

1880-களில் கிம்பர்லிக்குள் மாட்டுப் பண்ணைகள் வந்தன. பழங்குடியினர் தங்கள் நிலத்திலேயே பண்ணையாட்கள் ஆனார்கள். பல இடங்களில் கூலிக்குப் பதில் கோதுமை மாவும் சர்க்கரையும் தேயிலையும் அளந்தார்கள். நாள் முழுக்க அரைக்க வேண்டியதில்லை என்பதால் பழைய உணவை விட்டார்கள் என்று எழுதுவோர் உண்டு. அது பாதி உண்மைதான். விதை பொறுக்கப் போகும் வழிகளில் வேலி வந்துவிட்டது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

இந்தச் செடிக்கு மறுவாழ்வு கிடைத்தது ஆப்பிரிக்காவில். 1970-களில் சகாராவின் தெற்கு விளிம்பான சாஹேல் பகுதிக்கு விறகுக்கும் காற்றுத் தடுப்புக்குமாக ஆஸ்திரேலிய அகேசியாக்கள் கொண்டுபோகப்பட்டன. அப்போது இதை அகேசியா ஹோலோசெரிசியா என்றே நினைத்தார்கள். 1992-இல்தான் மாஸ்லின், தாம்சன் என்ற தாவரவியலாளர்கள் இது தனி இனம் என்று பிரித்து விவரித்தார்கள்.

நைஜர் நாட்டு மராடிப் பகுதியில் 1984-இல் கடும் பஞ்சம். அங்கு பணியாற்றிவந்த ஆஸ்திரேலியர் டோனி ரினாடோவும் அவருடன் இருந்தவர்களும், கம்பு கருகிய நிலத்திலும் காய்க்கும் இந்தப் புதரை உணவாகப் பார்க்கத் தொடங்கினார்கள். ஆஸ்திரேலியப் பழங்குடியினர் உண்ட விதை என்பதே அதற்குத் துணிவு தந்தது. 1991-இல் வடக்குப் பிரதேசத்தின் க்ளென் ஹெலனில், வறண்ட நில அகேசியாக்களை மனித உணவாக்குவது பற்றிப் பயிலரங்கே நடந்தது. பிறகு விதையை எலிகளுக்கும், விரும்பி முன்வந்த மனிதர்களுக்கும் கொடுத்துச் சோதித்தார்கள். உணவில் கால் பங்கு வரை சேர்க்கலாம் என்று தெரிந்தது. விதையில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு புரதம். மராடியின் ஹவுசா பெண்கள் அந்த விதை மாவைக் கம்பு மாவோடு கலந்து, தூவோ என்ற தங்கள் களியைக் கிண்டினார்கள். எண்ணெயில் பலகாரமும் சுட்டார்கள்.

அந்தப் பகுதிக்கு இந்தச் செடி பொருந்தியதற்கு இன்னொரு காரணம், அவிழ்த்துவிட்ட ஆடுகள் இதன் தழையை அவ்வளவாகத் தொடுவதில்லை. வேலி போட வசதியில்லாத விவசாயிக்கு இது பெரிய விஷயம். வேர் மண்ணில் நைட்ரஜன் சேர்க்கும், கிளை அடுப்புக்கு ஆகும். ஆனால் குறையும் உண்டு. ஆயுள் குறைவு, பத்தாண்டு தாண்டுவது அரிது. கவாத்து செய்யாமல் விட்டால் சீக்கிரம் நலிந்துவிடும். கம்பின் இடத்தை இது பிடிக்கவில்லை, பிடிக்கவும் முடியாது. கம்பு பொய்த்த ஆண்டில் கைகொடுக்கும், அவ்வளவே. அந்த ஆண்டுகளில் அவ்வளவே பெரிது.

இன்று ஆஸ்திரேலிய நகரங்களில் வறுத்துப் பொடித்த வாட்டில் விதை ஐஸ்கிரீமிலும் பிஸ்கட்டிலும் சேர்கிறது. காபி போலவும் குடிக்கிறார்கள். பெரும்பாலும் அகேசியா விக்டோரியே என்ற வேறோர் இனத்தின் விதை அது. அதிலும் கணிசமான பங்கைக் காட்டில் பொறுக்கித் தருபவர்கள் பழங்குடிப் பெண்களே. ஆனால் காட்டுணவு வணிகத்தில் பழங்குடியினரின் கைக்கு வரும் பங்கு மிகச் சிறிது. எந்த விதையை உண்ணலாம், எப்படி வறுக்க வேண்டும் என்ற அறிவு அவர்களுடையது. அதை வைத்துச் சம்பாதிக்கும் நிறுவனங்கள் லாபத்தில் அவர்களுக்குரிய பங்கைத் தர வேண்டும். தராத இடத்தில் சட்டம் போட்டாவது ஆஸ்திரேலிய அரசு வாங்கித் தர வேண்டும்.