ஆட்கொணர்வு மனுவும் குடும்பமும்

(மூன்றாம் ஆண்டு, இளங்கலை அரசியல் அறிவியல்)

ஆட்கொணர்வு மனு என்றதும் காவல் நிலையமும் சிறைச்சாலையுமே நம் நினைவிற்கு வருகின்றன. ஆனால் ஒருவரை அடைத்து வைக்கக்கூடியது அரசு மட்டுமன்று. பெற்ற தந்தையும், கட்டிய கணவனும், உடன்பிறந்த அண்ணனும்கூட வீட்டுக் கதவை வெளியே பூட்டிவிடலாம். அப்பொழுதும் இம்மனு உதவுமா என்பதைச் சற்றுக் காண்போம்.

'ஹேபியஸ் கார்ப்பஸ்' என்பது இலத்தீன் தொடர். அடைத்து வைக்கப்பட்டவரை நீதிமன்றத்தின் முன் கொண்டுவந்து நிறுத்துக என்பது அதன் கருத்து. நம் அரசியல் சட்டத்தின் 32ஆம் பிரிவின்படி உச்ச நீதிமன்றத்தையும், 226ஆம் பிரிவின்படி உயர் நீதிமன்றத்தையும் இதற்காக அணுகலாம். அடைபட்டவரால் வெளியே வர இயலாது. ஆகவே அவருக்காக உறவினரோ நண்பரோ மனுச் செய்யலாம்.

குடும்பத் தகராறில் இம்மனு பயன்பட்டதற்குப் புகழ்பெற்ற சான்று ஒன்று உண்டு. 1891இல் இங்கிலாந்தில் ஜாக்சன் என்பவர், தம்முடன் வாழ மறுத்த மனைவியைத் தேவாலய வாசலிலிருந்து தூக்கிச் சென்று வீட்டில் அடைத்து வைத்தார். மனைவியை அடைத்து வைக்கக் கணவனுக்கு உரிமையில்லை என்று கூறி, மேல்முறையீட்டு நீதிமன்றம் அவரை விடுவித்தது.

நம் நாட்டில் இத்தகைய வழக்குகளை இருவகையாகப் பிரிக்கலாம்.

முதலாவது, பதினெட்டு வயது நிரம்பியவர் பற்றியது. "என் மகளைக் கடத்திவிட்டார்கள்" என்று தந்தை மனுச் செய்வார்; "என் மனைவியைப் பெற்றோர் அடைத்து வைத்துள்ளனர்" என்று கணவன் மனுச் செய்வான். இரண்டிலும் நீதிபதிகள் அறிய வேண்டுவது ஒன்றே: அப்பெண்ணின் விருப்பம் என்ன? "என் விருப்பப்படியே சென்றேன்" என்று அவள் கூறினால், தந்தையின் கண்ணீர் எவ்வளவு உண்மையானதாயினும் அவளைத் தடுக்க இயலாது.

இந்நெறி எப்பொழுதும் எளிதில் காக்கப்பட்டுவிடவில்லை. சேலத்தில் ஓமியோபதி மருத்துவம் பயின்ற கேரளப் பெண் ஒருவரின் திருமணத்தை, தந்தை தொடுத்த ஆட்கொணர்வு மனுவிலேயே கேரள உயர் நீதிமன்றம் 2017இல் செல்லாதென்று கூறி, அவரைப் பெற்றோரிடம் அனுப்பியது. அப்பொழுது அவருக்கு வயது இருபத்து நான்கு. உச்ச நீதிமன்றம் அவரையே நேரில் வரவழைத்துக் கேட்டது. படிப்பைத் தொடரச் சேலத்திற்கு அனுப்பியது. 2018 மார்ச்சில், ஆட்கொணர்வு மனுவில் திருமணத்தை ரத்துச் செய்திருக்கக் கூடாது என்று கூறி, முந்தைய தீர்ப்பை நீக்கியது.

இரண்டாவது, குழந்தைகள் பற்றியது. பிரிந்து வாழும் தாய் தந்தையருள் ஒருவர் குழந்தையைத் தூக்கிச் சென்றுவிட்டால் மற்றவர் இம்மனுவை நாடுகிறார். இங்கே குழந்தையின் நலமே தலையாயது. பெற்றோரின் உரிமை அதற்கு அடுத்ததே. சட்டப்படி உரிமையற்றவரிடம் குழந்தை இருந்தால் இம்மனு செல்லும் என உச்ச நீதிமன்றம் 2019இல் தெளிவுபடுத்தியது. விரிவான சாட்சி விசாரணை தேவைப்படின், 1890ஆம் ஆண்டின் காப்பாளர் சட்டப்படி உரிய நீதிமன்றத்தையே நாட வேண்டும்.

இம்மனுவிற்கு எல்லையும் உண்டு. "ஆளைக் காணவில்லை" என்பது மட்டும் போதாது. சட்டவிரோதமாக அடைத்து வைக்கப்பட்டிருக்கிறார் என்று நம்புவதற்கு அடிப்படை வேண்டும். மணமுறிவு, சொத்து, சீர்வரிசை போன்ற பூசல்களையும் இதன் வழியே தீர்த்துக்கொள்ள முடியாது.

மாணவ நண்பர்களே! நம்முடன் படிக்கும் ஒரு பெண் திடீரென்று வகுப்பிற்கு வராமல் நின்றுவிட்டால், "அது அவர்கள் குடும்ப விஷயம்" என்று இருந்துவிடுகிறோம். அவள் தன் விருப்பப்படி நின்றிருந்தால் அதில் நமக்கு வேலையில்லை. பூட்டிய அறைக்குள் இருந்தாலோ, அவளுக்காக மனுச் செய்ய ஒரு தோழியோ, ஆசிரியரோ போதும். குடும்பத்தின் அன்பை எந்தச் சட்டமும் தடுக்கவில்லை, பூட்டைத்தான் தடுக்கிறது.