உங்களுக்குத் தெரியுமா? திருட்டுப் பொருளை வாங்குவது யார்?

2002இல் வெளிவந்த ‘மாரோவிண்ட்’ என்னும் கற்பனை உலக வீடியோ கேம், தனிப் பொருளை விடுத்து அதன் வகையையே நினைவில் வைத்ததால், ஒரு வணிகரிடம் கத்தியைத் திருடியவர் பின்னாளில் அதே வகைக் கத்தியைக் காசு கொடுத்து வாங்கி அவரிடமே விற்க முயன்றாலும் திருடராகவே பிடிபட்டார். மற்ற வணிகரிடம் திருட்டுப் பொருளும் தடையின்றி விலைபோனது.

மாறாக, அதே கேம் தொடரில் 2011இல் வந்த ‘ஸ்கைரிம்’, களவுபோன ஒவ்வொரு பொருளுக்கும் திருட்டுக் குறியிட்டது. அக்குறியுள்ளவற்றைச் சாதாரணக் கடைக்காரர் தொடமாட்டார் என்பதால், திருட்டுப் பொருளை மறைவாக வாங்கும் தரகரான ‘ஃபென்ஸ்’ தேவைப்படுகிறார். அக்கேமில் வரும் ரிஃப்டன் நகரின் நிலத்தடியில், திருடர் சங்கத்தின் மதுக்கூடத்தில் இருக்கும் டோனிலியா அத்தகையவர். எனினும் தொடக்கத்தில் அவர் கையிருப்பு ஏறத்தாழ 1,000 பொற்காசுகளே என்பதால், மூட்டை நிறையக் கொண்டுவருபவர் பாதியிலேயே நிற்க நேரிடும்.

பிடிபட்டால் காவலர் அபராதத்தோடு குறியுள்ளவற்றையும் பறித்துக்கொள்வர். ஆயினும் திருடிய இரும்புத் தாதுவை உலையில் உருக்கிக் கட்டியாக்கினாலோ திருடிய மூலிகையை மருந்தாகக் காய்ச்சினாலோ குறி மறைந்துவிடுகிறது. இவ்வளவு கண்டிப்பான சட்டத்தில் இது வேடிக்கையான ஓட்டைதான்.