செவ்வாழையில் பச்சைத் தார் வருவது ஏன்?

செவ்வாழைத் தோட்டத்தில் ஒரு குத்து மட்டும் பச்சைத் தார் தள்ளுவதை விவசாயிகள் சிலர் பார்த்திருக்கலாம். கன்று விற்றவர் கலந்து கொடுத்துவிட்டார் என்ற சந்தேகம்தான் முதலில் எழும். கலப்படம் நடப்பதும் உண்டு. ஆனால் தாய் மரம் சிவப்புத் தார் தந்து, அதே கிழங்கின் பக்கக்கன்று பச்சைத் தார் தந்தால், அது மரபணுவில் தானாக ஏற்பட்ட திடீர் மாற்றம். ஆய்வகத்தில் வேறோர் உயிரின் மரபணுவைச் சேர்த்து உருவாக்கும் பி.டி. பருத்தி போன்றவற்றுக்கும் இதற்கும் தொடர்பில்லை.

செல் இரண்டாகப் பிரியும் முன் தன் டி.என்.ஏ. முழுவதையும் நகல் எடுக்கிறது. பழைய பத்திரத்தைக் கையால் படி எடுக்கும்போது சர்வே எண்ணில் ஓர் இலக்கம் மாறிவிடுவது போல, இதிலும் பிழை நேர்கிறது. பெரும்பாலான பிழைகளைச் செல்லே திருத்திக்கொள்ளும். தப்பிய சிலவே மாற்றமாக நிலைக்கின்றன. வெயிலில் உள்ள புற ஊதாக் கதிர், கதிர்வீச்சு, சில வேதிப்பொருட்கள் ஆகியவையும் டி.என்.ஏ.வைச் சிதைத்து மாற்றத்தை உண்டாக்கும்.

மாற்றம் எந்த இடத்தில் நேர்ந்தது என்பதுதான் முக்கியம். இலையில் நேர்ந்தால் இலையோடு போய்விடும். நெல், நிலக்கடலை போன்ற விதைப் பயிர்களில் மகரந்தத்தையோ சூலையோ எட்டினால்தான் அடுத்த தலைமுறைக்குப் போகும். நாம் பயிரிடும் வாழையில் விதை இல்லை. கிழங்கின் வளர்நுனியில் ஒரு செல் மாறி, அதிலிருந்து பெருகிய பகுதியில் பக்கக்கன்று முளைத்தால் கன்றும் மாறியிருக்கும். அதனால்தான் ஒரே குத்தில் ஒரு கன்று மாறியும், இன்னொன்று பழையபடியும் வருகிறது. மொந்தனிலிருந்து சாம்பிராணி மொந்தன், நேந்திரனிலிருந்து மூங்கில், விருபாட்சியிலிருந்து கிருஷ்ண வாழை எல்லாம் இப்படி வந்தவையே.

மோகனூர், பரமத்திவேலூர் பகுதியில் வித்தியாசமான குத்து கண்ணில் பட்டால் உடனே வெட்டிவிட வேண்டாம். நோயா என்று முதலில் பாருங்கள். இலைகள் குறுகி நிமிர்ந்து உச்சியில் கொத்தாக நின்று, காம்பில் கரும்பச்சைக் கோடுகள் தெரிந்தால் அது முடிக்கொத்து நோய். அசுவினி அதைப் பரப்பும். கிழங்கோடு தோண்டி அழிக்க வேண்டும். குச்சிக்கிழங்கின் தேமல் நோயும் வைரஸால் வருவதே. அந்தச் செடியிலிருந்து நடவுக் குச்சி எடுக்கக் கூடாது. மரபணு மாற்றம் பக்கத்துக் குத்துக்குத் தொற்றாது. நல்ல குணம் தெரிந்தால் அந்தக் கன்றைத் தனியே நட்டு, முதல் தாரிலும் மறுதாம்பிலும் அது நிலைக்கிறதா என்று பார்த்தபின் பெருக்கலாம். பெரும்பாலான மாற்றங்கள் பயனற்றவை என்பதையும் மறக்க வேண்டாம். ஒரே திசுவை அதிகச் சுற்றுகள் பெருக்கினாலும் மாற்றங்கள் கூடும். ஆகவே திசு வளர்ப்புக் கன்றுகளைச் சான்று பெற்ற கூடத்தில் வாங்குவது நல்லது.

இயற்கை தரும்வரை காத்திராமல் மாற்றத்தைத் தூண்டவும் முடியும். எச்.சி. 6 என்ற ஆமணக்கின் விதையில் நியூட்ரான் கதிர் செலுத்திக் கிடைத்ததுதான் 1960களில் வந்த 'அருணா'. 270 நாள் பயிர் 120 நாளுக்குச் சுருங்கியது. ஏத்தாப்பூர் ஆராய்ச்சி நிலையத்தின் ஒய்.ஆர்.சி.எச். 1 ஆமணக்கு அந்த வகையல்ல. அது இரு பெற்றோரை இணைத்த வீரிய ஒட்டு.

பூச்சிகளிலும் இதே கதைதான். மருந்து அடிப்பதால் மக்காச்சோளப் படைப்புழு வேண்டுமென்று மாறிக்கொள்வதில்லை. மருந்தைத் தாங்கும் மாற்றம் கொண்ட புழுக்கள் கூட்டத்தில் முன்பே சில இருக்கும். மற்றவை சாக, அவை மட்டும் தப்பிப் பெருகும். எனவே அடுத்த முறை அளவைக் கூட்டாமல், வேறு விதமாகச் செயல்படும் மருந்துக்கு மாறுங்கள். பெயர் வேறாக இருந்தாலும் மூலப்பொருள் ஒன்றாக இருக்கலாம். புட்டியின் லேபிளைப் படித்து வாங்குங்கள்.