ஏலத்திற்குப் பின் 60 நாட்கள்

பௌதிகம் பயிலும் மாணவன் சட்டத்தைப் பற்றி எழுதப் புகுவானேன் என்று நீங்கள் வியக்கலாம். காரணம் உண்டு. சென்ற விடுமுறையில் ஊருக்குச் சென்றிருந்தேன். பக்கத்து வீட்டுச் சித்தப்பா ஒரு காகிதக் கட்டுடன் வந்தார். “எல்லாம் முடிஞ்சு போச்சு தம்பி, நிலத்தைக் கோர்ட்டில் ஏலம் போட்டுட்டாங்க. நீ படிச்ச பிள்ளை, இதிலே என்ன எழுதியிருக்குன்னு பாரு” என்றார். ஏலம் நடந்து 41 நாட்கள் ஆகியிருந்தன. அன்று அவருக்கு என்ன சொல்வதென்று எனக்குத் தெரியவில்லை. மறுநாள் வக்கீலிடம் கேட்டும், பின்னர் சட்டநூலைப் படித்தும் அறிந்ததையே இங்கு எழுதுகிறேன்.

கடன் கொடுத்தவர் வழக்கில் வென்று டிக்ரி பெறுகிறார். பணம் வராவிடில், அதனை நிறைவேற்றித் தருமாறு மனுச் செய்கிறார். நிலம் ஜப்தியாகிறது. கடனாளிக்கு அறிவிப்புத் தந்து, ஏல விளம்பரம் தயாரிக்கப்படுகிறது. விளம்பரம் நீதிமன்றத்தில் ஒட்டப்பட்டுக் குறைந்தது 15 நாட்கள் சென்ற பின்னரே ஏலம் நடத்தலாம். ஏலம் எடுத்தவர் தொகையில் நாலில் ஒரு பங்கை உடனேயும், எஞ்சியதை 15 நாட்களுக்குள்ளும் கட்டவேண்டும்.

இத்துடன் நிலம் அவருடையதாகிவிட்டதா? இல்லை. நீதிமன்றம் விற்பனையை உறுதி செய்யவேண்டும். அதற்கு முன் ஆட்சேபிக்க, ஏல நாளிலிருந்து 60 நாட்களைச் சட்டம் தந்திருக்கிறது. 1908-ஆம் ஆண்டின் உரிமையியல் விசாரணை முறைச் சட்டம், 21-ஆம் கட்டளையில், கடனாளிக்கு இரண்டு வழிகளைக் காட்டுகிறது.

முதல் வழி, 89-ஆம் விதி. இதில் எவர் மீதும் குற்றம் சாட்ட வேண்டுவதில்லை. பணம் கட்டினால் போதும். ஓர் உதாரணம் பார்ப்போம். ஏல விளம்பரத்தில் கண்ட கடன் 1,80,000 ரூபாய். நிலம் 6,00,000 ரூபாய்க்கு ஏலம் போயிற்று. ஏலம் எடுத்தவருக்கு ஈடாக, ஏலத் தொகையில் நூற்றுக்கு 5 வீதம் 30,000 ரூபாய். ஆக 2,10,000 ரூபாயை நீதிமன்றத்தில் கட்டி மனுச் செய்தால் விற்பனை ரத்தாகும். விளம்பரத்திற்குப் பின் கடன்காரர் ஏதேனும் பெற்றிருந்தால் அதைக் கழித்துக்கொள்ளலாம். விளம்பரத்தில் சேராத வட்டி, செலவுகளுக்கு மட்டும் கடனாளியின் பொறுப்பு நீங்காது. சொத்தில் உரிமை கோரும் எவரும் இம்மனுவைச் செய்யலாம். அவர் சார்பில் பிறரும் செய்யலாம்.

இரண்டாம் வழி, 90-ஆம் விதி. ஏலத்தை விளம்பரம் செய்ததிலோ நடத்தியதிலோ பெரும் முறைகேடோ மோசடியோ நிகழ்ந்திருக்கவேண்டும். அதனால் மனுதாரருக்குக் கணிசமான நஷ்டம் நேர்ந்திருக்கவேண்டும். இரண்டையும் மெய்ப்பிக்கவேண்டும். ‘அடிமாட்டு விலைக்குப் போய்விட்டது’ என்று சொன்னால் மட்டும் போதாது. விளம்பரம் தயாராகும்போதே சொல்லியிருக்கக்கூடிய ஆட்சேபத்தைப் பின்னர் எழுப்பவும் இயலாது. ஆகவே, அறிவிப்பு வந்தவுடனே நீதிமன்றம் செல்லாதவர் தம் வாதங்களில் பலவற்றை அன்றே இழந்துவிடுகிறார்.

இரண்டு வழியிலும் ஒருங்கே செல்ல முடியாது. 90-இன்படி மனுச் செய்தவர், அதைத் திரும்பப் பெற்ற பின்னரே 89-இன்படி மனுச் செய்யலாம்.

நீதிமன்றத்திற்கும் கடமை உண்டு. கடனைத் தீர்க்கப் போதுமான அளவு சொத்தை மட்டுமே அது விற்கவேண்டும். 2,400 ரூபாய்க்கும் குறைவான டிக்ரிக்காக 10 ஏக்கர் நிலம் விற்கப்பட்ட ஒரு வழக்கில், 1989-இல் உச்ச நீதிமன்றம் இதனை வலியுறுத்தியது. ஒரு பகுதியை விற்றால் போதுமா என்று பார்ப்பது நீதிமன்றத்தின் விருப்பமன்று, கடமை என்றது.

முக்கியமான செய்தி ஒன்று. பிற மனுக்கள் பலவற்றில் தாமதத்தை மன்னிக்கும் அதிகாரம் நீதிமன்றத்திற்கு உண்டு. 21-ஆம் கட்டளையின் கீழ் வரும் மனுக்களுக்கு அச்சலுகை இல்லை. நோயுற்றிருந்தேன், சட்டம் தெரியவில்லை என்று 61-ஆம் நாள் சென்று நின்றால் பயனில்லை. வங்கிகள் 2002-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி தாமே நடத்தும் ஏலங்கள் வேறு. அவற்றிற்குக் கடன் மீட்புத் தீர்ப்பாயத்தை நாடவேண்டும், அங்கே காலக்கெடுவும் வேறு.

சித்தப்பாவுக்கு அன்று 19 நாட்கள் மிஞ்சியிருந்தன. சித்தியின் நகைகளை விற்றும், இரு மைத்துனர்களிடம் கைமாற்று வாங்கியும் 58-ஆம் நாள் பணத்தைக் கட்டினார். நிலம் மீண்டது; நகை மீளவில்லை. அறிவிப்பு முதன்முதல் வந்த நாளில் யாரேனும் படித்துச் சொல்லியிருந்தால் இரண்டுமே நின்றிருக்கும்.

நம்மில் பலர் நம் குடும்பத்தில் முதன்முதல் கல்லூரி கண்டவர்கள். நீதிமன்றக் காகிதம் வீட்டுக்கு வந்தால், எத்தனை தொலைவில் இருந்தாலும் நம்மைத்தான் கூப்பிடுவார்கள். ‘நான் சயின்ஸ் படிக்கிறேன், எனக்குத் தெரியாது’ என்று சொல்லிவிடாதீர்கள். ‘ஏலம் நடந்த தேதி என்ன?’ என்று முதலில் கேளுங்கள். நாட்களை எண்ணுங்கள். அன்றைக்கே ஒரு வக்கீலிடம் அனுப்பிவையுங்கள்.