நூறு ஆண்டு பின்னால் போனார்களா?

தோட்டம் பார்க்கப் போன இரண்டு பெண்கள், நூறு ஆண்டுகளுக்கு முந்திய காலத்துக்குள் நுழைந்துவிட முடியுமா?

முடியும் என்றார்கள் இருவர். அவர்கள் சாதாரணப் பெண்கள் அல்ல. ஒருவர் சார்லட் ஆன் மோபர்லி. இங்கிலாந்தில் ஆக்ஸ்போர்டு நகரிலுள்ள செயின்ட் ஹியூ கல்லூரியின் முதல் தலைவி. மற்றவர் எலியனார் ஜோர்டெயின். பின்னர் அதே கல்லூரிக்குத் தலைவியானவர்.

வழி தவறியது

1901-ம் ஆண்டு ஆகஸ்டு 10-ந் தேதி. பாரிஸ் நகருக்கு அருகே உள்ள வெர்சேல்ஸ் அரண்மனையைப் பார்க்க இருவரும் சென்றார்கள். பிறகு, தோட்டத்துக்குள் இருக்கும் ஒரு சிறு மாளிகையைத் தேடி நடந்தார்கள். 1774-ல் பிரெஞ்சு மன்னர் 16-ம் லூயி, தம் ராணி மேரி அந்துவானெத்துக்குக் கொடுத்த மாளிகை அது.

வழி தவறிவிட்டது. காரணம் தெரியாத சோர்வு மனதை அழுத்தியது. நீண்ட அங்கியும் முக்கோணத் தொப்பியும் அணிந்த இருவர் வழி சொன்னார்கள். ஒரு சிறு மண்டபத்தின் அருகே அம்மைத் தழும்பு முகத்துடன் ஒருவன் உட்கார்ந்திருந்தான். அவனைப் பார்க்கவே பயமாக இருந்தது! வேறொருவன் ஓடி வந்து, போகவேண்டிய பக்கத்தைக் காட்டினான். ஒரு பாலத்தைக் கடந்ததும் மாளிகை தெரிந்தது. புல்வெளியில் ஒரு மாது, படம் வரைபவள்போல் அமர்ந்திருந்தாள்.

அவள் யார்?

ஒரு வாரம் வரை இருவரும் இதைப் பற்றிப் பேசவே இல்லை. பேசியபோது, அங்கே ஆவி நடமாடுகிறது என்ற எண்ணம் இருவருக்குமே இருந்தது தெரிந்தது. நவம்பரில் மறுபடி பேசினார்கள். அப்போது ஓர் ஆச்சரியம்! அந்த மாதை மோபர்லி மட்டுமே பார்த்திருந்தார். ஜோர்டெயின் பார்க்கவில்லை. அதற்குப் பிறகுதான் இருவரும் தனித்தனியே எழுதி வைத்தார்கள்.

பழைய ஏடுகளைப் பல ஆண்டுகள் புரட்டினார்கள். 1904-ல் மீண்டும் அங்கே சென்றார்கள். தாங்கள் கண்ட மண்டபத்தையும் பாலத்தையும் காணோம்!

1792-ம் ஆண்டு அதே ஆகஸ்டு 10-ந் தேதிதான் புரட்சிக்காரர்கள் பாரிசில் மன்னரின் அரண்மனையைத் தாக்கினார்கள். மறு ஆண்டு ராணியின் தலை வெட்டப்பட்டது. ஆபத்து சூழ்ந்த அந்த நாளில் ராணி தன் பழைய வாழ்வை நினைத்திருப்பாள். அந்த நினைவுக்குள்தான் நாம் நடந்தோம் என்று இருவரும் முடிவு கட்டினார்கள். 1911-ல் புனைபெயர்களில் புத்தகமும் வெளியிட்டார்கள்.

அறிஞர்கள் மறுப்பு

புத்தகம் பரபரப்பாக விற்றது. ஆனால் ஆவி விஷயங்களை ஆராய்வதற்கென்றே லண்டனில் 1882-ல் தொடங்கப்பட்ட சங்கம் இதை ஏற்கவில்லை. வழி தவறியவர்கள் சாதாரண மனிதர்களையே கண்டிருக்கலாம் என்றது.

1965-ல் எழுத்தாளர் பிலிப் ஜூலியன் வேறு விளக்கம் தந்தார். மாந்தெஸ்கியூ என்ற பிரபு அக்காலத்தில் வெர்சேல்ஸ் பக்கம் வசித்தார். பழங்கால உடை அணிந்து விருந்து கொண்டாடுவது அவர் வழக்கம். அந்தக் கூட்டத்தையே இவர்கள் பார்த்திருக்கலாம் என்றார் அவர்.

நினைவு செய்யும் வேலை

இருவரும் பொய் சொன்னார்களா? அப்படிச் சொல்ல வேண்டியதில்லை. சிக்கல் வேறு இடத்தில் இருக்கிறது. பார்த்த அன்றே அவர்கள் எழுதி வைக்கவில்லை. முதலில் பேசினார்கள், மூன்று மாதம் கழித்து எழுதினார்கள், பிறகு ஏடுகளைப் படித்தார்கள். ஒருவர் சொன்னது மற்றவர் மனதில் பதிந்திருக்கலாம். படித்ததும் பார்த்ததும் கலந்திருக்கலாம். எது எங்கே கலந்தது என்று பிறகு அவர்களாலேயே பிரித்துச் சொல்ல முடியாது.

தெருவில் நடந்த ஒரு சண்டையை நாலு பேர் ஒரு வாரம் பேசினால் என்ன ஆகிறது? பார்க்காதவரும் பார்த்ததுபோல் சொல்கிறார்! படித்தவர் மனமும் இதற்கு விலக்கல்ல.

கல்லூரித் தலைவிகள் சொன்னார்கள் என்பதால் ஒரு செய்தி உண்மையாகிவிடாது. அதிசயம் எதையாவது கண்டால், அடுத்தவரிடம் பேசுமுன் எழுதி வையுங்கள். அன்றே, தேதி போட்டு எழுதுங்கள். 1901 ஆகஸ்டு 10-ந் தேதி இரவு அந்த இருவரும் ஆளுக்கு ஒரு பக்கம் எழுதியிருந்தால், இந்த வழக்குக்கு என்றோ தீர்ப்புக் கிடைத்திருக்கும்!