மாட்டுங்காவில் தார் பட்ட சேலத்து வக்கீல்

பம்பாயின் மேற்கு ரயில் பாதையில் மாஹிமை விட்டால் அடுத்த நிறுத்தம் மாட்டுங்கா ரோடு. தமிழர் நிறைந்த அந்த மாட்டுங்காவில் 1942-ன் மத்தியில் ஒரு கூட்டம். பேச வந்தவர் ராஜாஜி. அவர்மேல் தாரை வீசினார்கள். வீசியவர்களை ஹரிஜன் இதழில் காந்தி கண்டித்தார். அந்தக் களேபரத்திலும் ராஜாஜி நிதானம் இழக்காததைப் பாராட்டினார். இத்தனைக்கும் ராஜாஜி அங்கே பேச வந்த கருத்தில் காந்திக்கே உடன்பாடு கிடையாது.

அப்படி என்ன சொல்லிவிட்டார்? அதற்கு முன் அவருடைய தொழிலைத் தெரிந்துகொள்ள வேண்டும்.

ஓசூர் அருகே தொரப்பள்ளியில் 1878-ல் பிறந்த ராஜகோபாலாச்சாரி, சட்டம் படித்துவிட்டு 1900-ல் சேலத்தில் வக்கீல் போர்டு மாட்டினார். ஜில்லா கோர்ட்டு வக்கீலின் பிழைப்பு, சென்னை ஹைகோர்ட்டு வக்கீலின் பிழைப்பு மாதிரி அல்ல. பாகப்பிரிவினை, வரப்புத் தகராறு, வட்டி ஏறிப்போன புரோநோட்டு, அடிதடி எல்லாம் அவரிடம்தான் வரும். பத்து வருஷம் வாய்தாவுக்கு அலைந்தால் ஜில்லாவில் யாருக்கு யாரோடு பகை, யார் யாரிடம் கடன்பட்டிருக்கிறார் என்பதெல்லாம் அத்துபடியாகிவிடும். இந்த மாதிரி வக்கீல்களே நகரசபைக்குப் போனதில் ஆச்சரியமில்லை. ராஜாஜி 1911-ல் சேலம் நகரசபை உறுப்பினர், 1917-ல் தலைவர். காங்கிரஸ் தலைவராக 1920-ல் நாகபுரியில் அமர்ந்த விஜயராகவாச்சாரியாரும் அதே சேலத்து வக்கீல்தான்.

நன்றாகச் சம்பாதித்துக்கொண்டிருந்தவர் 1919-ல் சென்னைக்குக் குடிபெயர்ந்தார். ஒத்துழையாமை இயக்கம் வந்ததும் தொழிலையே விட்டார். பிறகு வேலூர் சிறை, திருச்செங்கோடு பக்கம் புதுப்பாளையம் ஆசிரமம், 1930-ல் வேதாரண்யம் உப்பு. இவை பாடப்புத்தகத்திலேயே இருக்கின்றன.

கோட்டைக் கழற்றினாலும் வக்கீல் புத்தி போகவில்லை. 1937-ல் சென்னை மாகாணப் பிரதமரானதும் மதுவிலக்கை முதலில் கொண்டுவந்தது சேலம் ஜில்லாவில். கள்ளுக்கடை வருமானம் போனதை ஈடுகட்ட 1939-ல் விற்பனை வரி போட்டார். 1938-ல் வந்த விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்தில் சேலம் கோர்ட்டின் வாசனையே அடிக்கும். 1932 அக்டோபருக்கு முன் வாங்கிய கடனா? 1937 அக்டோபர் 1 வரை பாக்கியான வட்டி தள்ளுபடி. அசலைப் போல இரண்டு மடங்கு ஏற்கெனவே கட்டியாகிவிட்டதா? கடனே தீர்ந்தது. புரோநோட்டு வழக்கு நடத்திய கைதான் இப்படி எழுதும்.

பள்ளியில் இந்தியைக் கட்டாயமாக்கியதும் இதே ஆட்சியில்தான். எதிர்ப்பு கிளம்பியபோது மக்கள் மனத்தை அறியப் பார்க்காமல், தன் வாதம் சரி என்றே நின்றார். 1953-ல் குலக்கல்வித் திட்டத்திலும் அதே கதை. அடுத்த ஆண்டு பதவியே போயிற்று. வாதம் பலமாக இருந்தால் தீர்ப்பு தன் பக்கம் என்பது கோர்ட்டு நம்பிக்கை. தேர்தல் அரசியலில் அது செல்லுபடியாகாது. என் கணக்கில் அவருடைய பெரிய பலவீனம் இதுதான். மாட்டுங்காவில் அதுவே பலமாகவும் இருந்தது.

1942 ஏப்ரலில், முஸ்லிம் லீகின் பிரிவினைக் கோரிக்கையைக் கொள்கையளவில் ஏற்று, ஒன்றுபட்ட தேசிய அரசு அமைக்கலாம் என்று சென்னைச் சட்டசபைக் காங்கிரஸ் கட்சியைத் தீர்மானம் போட வைத்தார். ஜப்பான் படை பர்மாவுக்குள் புகுந்திருந்த நேரம். எதிர்க்கட்சிக்காரனோடு சமரசம் பேசி வழக்கை முடிக்கும் வக்கீலின் யோசனை அது. அலகாபாத்தில் கூடிய அகில இந்திய காங்கிரஸ் கமிட்டி 120-க்கு 15 என்று அவர் தீர்மானத்தைத் தள்ளியது. கட்சியில் தோற்றவர் பேசாமல் வீட்டுக்குப் போகவில்லை. ஊர் ஊராகப் போய் வாதாடினார். அதில் ஓர் ஊர்தான் மாட்டுங்கா. ஜூலையில் காங்கிரஸை விட்டே விலகினார். ஆகஸ்ட் 8-ல் இதே பம்பாயின் கோவாலியா குளம் மைதானத்தில் 'வெள்ளையனே வெளியேறு' தீர்மானம் நிறைவேறியபோது அவர் கட்சியில் இல்லை.

வழக்கு அத்தோடு முடியவில்லை. அதே யோசனையைத் திருத்தி எழுதிய 'சி.ஆர். திட்டம்' 1944-ல் காந்தியின் ஒப்புதலோடு வெளியானது. அந்த செப்டம்பரில் மலபார் ஹில்லில் ஜின்னாவின் வீட்டுக்குக் காந்தி பேசப் போனது அதை அடிப்படையாக வைத்துத்தான். இரண்டு வாரத்துக்கு மேல் பேசினார்கள். ஜின்னா ஏற்கவில்லை.