குஸ்தாவ் வொன் வங்கென்ஹைம்: பேசாப்பட நடிகர் ஒருவரின் கலையும் அரசியலும்

ஜேர்மனியப் பேசாப்படங்கள் பற்றிய ஆய்வுகள் பெரும்பாலும் நெறியாளரையும் பாணியையுமே முதன்மைப்படுத்துவன. நடிகன் அவற்றில் ஒளிநிழல் அமைப்பின் ஓர் உறுப்பாகவே எஞ்சுகிறான். எனினும், நடிகனும் தன் உழைப்பை விற்பவனே என்பதை மனங்கொண்டு நோக்குமிடத்து, குஸ்தாவ் வொன் வங்கென்ஹைமின் (1895-1975) கலைவாழ்வு தனிக் கவனத்துக்குரியதாகிறது.

பிரபுக் குடும்பத்து வழிவந்தவரும் புகழ்பெற்ற நடிகருமான எடுவார்ட் வொன் வின்ரர்ஸ்ரைனின் மகனாக வீஸ்பாடனிற் பிறந்த இவர், 1920இல் லூபிற்சின் நகைச்சுவைப் படங்களில் தோன்றினார். எனினும், முர்ணௌவின் 'நொஸ்பெராற்று' (1922) படத்தில் ஏற்ற ஹுற்றர் என்னும் பாத்திரமே இவரை இன்றும் நினைவூட்டுவது. ஹுற்றர் வீட்டுத் தரகர் ஒருவரின் இளம் ஊழியன். ஆதாயத்தை நம்பி, தன் வீட்டுக்கு எதிரேயுள்ள வீட்டை ஓர்லொக் பிரபுவுக்கு விற்கச் சிரித்தபடியே புறப்படுகிறான். அவ்விற்பனையே இரத்தக்காட்டேரியை ஊருக்குள் அழைத்துவருகிறது. ஊரைக் காக்க உயிர்துறப்பவளோ அவன் மனைவி. பிறிற்ஸ் லாங்கின் 'சந்திரனிற் பெண்' (1929) படத்திலும் இத்தகைய பாத்திரமே இவருக்கு வாய்த்தது. பிராணவாயு போதாமையால் ஒருவர் சந்திரனில் தங்கவேண்டிய நிலையில், அத்தெரிவு தன்மீது விழ, பொறியியலாளன் நிலைகுலைகிறான்; அவனுக்காக நண்பன் தங்கிவிடுகிறான். நெருக்கடியில் உறுதியிழக்கும் நடுத்தர வர்க்க மனிதனையே இவ்விரு படங்களும் இவர் முகத்திற் கண்டன எனலாம்.

ஆயின், 'நொஸ்பெராற்று' வெளியான ஆண்டிலேயே இவர் கம்யூனிஸ்ட் கட்சியில் இணைந்தார். கதையையும் பாத்திரத்தையும் தீர்மானிக்கும் உரிமை படப்பிடிப்பு நிலையத்தில் நடிகனுக்கு இருக்கவில்லை; அதனை இவர் மேடையிலே தேடினார். வேலையற்ற நடிகர்களைக் கொண்டு பேர்லினில் 'குழு 1931' என்ற அமைப்பை உருவாக்கினார். அதன் முதல் நாடகமாகிய 'எலிப்பொறி', தன்னைத் தொழிலாளியாகக் கருத மறுக்கும் அலுவலக ஊழியனின் மயக்கத்தைப் பொருளாகக் கொண்டது. திரையில் விதியின் கைப்பொருளாக நின்ற ஹுற்றரின் வர்க்கம், இங்கு தன் நிலைமையின் காரணங்களை எதிர்கொள்கிறது என்பதே எமது கருத்து. 1933இல் நாஜிகள் இக்குழுவைத் தடைசெய்தனர்.

சோவியத் நாட்டிற் புகலிடம் பெற்ற வங்கென்ஹைம், 1936இல் 'போராளிகள்' என்னும் பாசிச எதிர்ப்புப் படத்தை நெறிப்படுத்தினார். அதே ஆண்டிற் சோவியத் பாதுகாப்புத் துறையினருக்கு அளித்த வாக்குமூலத்தில், அங்கு புகலடைந்திருந்த நடிகை கரோலா நேஹரை ற்றொட்ஸ்கியவாதிகளுடன் தொடர்புபடுத்தினார். கைதான நேஹர் 1942இற் சிறையில் இறந்தார். வங்கென்ஹைம் 1945இற் பேர்லின் திரும்பி, ஜேர்மன் அரங்கின் தலைமைப் பொறுப்பை ஏற்றார்.

'எலிப்பொறி'யைப் போற்றி வாக்குமூலத்தை மறைப்பதும், வாக்குமூலத்தைக் காட்டி 'எலிப்பொறி'யை நிராகரிப்பதும் ஆய்வாகா. அன்று நிலவிய அச்சமும் ஐயமும் அச்செயலை விளக்கக்கூடும். அதன் பொறுப்பை அவை நீக்கமாட்டா. பிறரின் மயக்கங்களை வர்க்க நோக்கில் ஆராயும் நாம், எம் அணியினரின் தவறுகளையும் அதே அளவுகோலால் அளத்தல் வேண்டும். நேஹரின் பெயரைத் தவிர்த்து வங்கென்ஹைமின் கலைவரலாறு எழுதப்படலாகாது.